றீற்றாவின் குரல்

"ஐயோ, நில்லு, நில்லு!" என்று மாக்கஸ் கத்தினான். கசற் டெக்கின் இடது பக்கச் சிவப்பு விளக்கு அசையாமல் எரிந்துகொண்டிருந்தது.

எல்லோரும் சீடிக்கு மாறிக்கொண்டிருக்க, அவன் விட்பியில் ஒரு வீட்டு முற்றத்தில் பழஞ்சாமான் விற்ற யாட் சேலில் அந்தப் பழைய இரட்டைக் கசற் டெக்கை வாங்கி வந்திருந்தான். இரும்புப் பெட்டி போலக் கனம். மூடி சத்தமில்லாமல் மெல்ல இறங்கும். பாட்டுக்கு இரண்டு ஊசிகள் தலையாட்டும். முக்கியமாக, இரண்டு பக்கத்திலும் கசற் போட்டுப் பதியலாம்.

அங்கேதான் பிழை நடந்தது. அவனுடைய முந்திய டெக்கில் பதிவதற்கு ஒரே ஒரு சிவப்புப் பொத்தான். இதில் இரண்டு. கண்ணில் முதலில் பட்டதை அழுத்திவிட்டு, அரை மணி கழித்துத்தான் கவனித்தான்.

இடது பக்கத்தில் இருந்தது மனைவி றீற்றாவின் கசற். கல்யாணம் பேசிய காலத்தில் யாழ்ப்பாணத்திலிருந்து யாரோ ஒருவர் கையில் கொடுத்தனுப்பியது. அதில், படத்தில் மட்டும் பார்த்திருந்த பெண், "குளிருக்குக் காதை மூடிக்கொண்டு திரியுங்கோ" என்று சொல்லிவிட்டுச் சிரித்தாள். பார்க்டேல் அறையில் நாலுபேரோடு நெருக்கியடித்துக் கிடந்த நாட்களில், அந்தச் சிரிப்பைக் கேட்டுத்தான் அவன் பனிக்காலத்தைக் கடந்தான். அது தேய்ந்துபோக முன் ஒரு பிரதி எடுக்கத்தான் இந்த டெக்கே.

நிறுத்திவிட்டுப் போட்டுக் கேட்டான். வெறும் இரைச்சல். மறுபக்கமாவது தப்பட்டும் என்று திருப்பிப் போட்டான். பதற்றத்தில் மறுபடியும் அதே பொத்தான். கசற்றைப் பறித்து இழுத்தான். நாடா உள்ளே மாட்டி இடியப்பமாக வந்தது. பென்சில் விட்டுச் சுற்ற, அறுந்தது.

"என்னப்பா, பேயறைஞ்ச மாதிரி நிக்கிறியள்?" றீற்றா வாசலில் நின்றாள்.

"நீர் முதல்முதல் பேசி அனுப்பின கசற்... அழிஞ்சுபோச்சு."

"அட, அதே? போனாப் போகட்டும். வாங்கோ, புட்டு ஆறுது."

"போனாப் போகட்டுமோ? அது உம்மடை குரலப்பா!"

"நான்தான் முழுசா இஞ்சை நிக்கிறனே. இனியென்ன குரல்?"

அவள் திட்டியிருந்தால்கூட ஆறுதலாக இருந்திருக்கும். புட்டைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தான். அவள் குளிக்கப் போனதும், வெக்ஸ்போர்ட்டில் இருக்கும் அவளுடைய தங்கை யூஜினிக்குப் போன் எடுத்து எல்லாவற்றையும் கொட்டினான்.

"உம்மடை அக்காவுக்கு நெஞ்சு கல்லு, யூஜினி. ஒரு சொட்டுக் கண்ணீர் விடேல்லை!"

மறுமுனையில் ஒரு விம்மல் கேட்டது.

"பாத்தீரே! நீர்கூட அழுகிறீர்."

"அழாமல் என்ன செய்யிறது அத்தான்? அக்கா வெக்கத்திலை வாயே திறக்கமாட்டன் எண்டு அடம்பிடிக்க, முழுக் கசற்றையும் நானெல்லே பேசினனான்!"