போர்டு மாட்டிய பிறகு ஒரு விசாரணை

வாசகரே, முடிவெடுத்த பிறகு அபிப்பிராயம் கேட்கும் ஓர் இனம் நம் ஊரில் உண்டு. இவர்கள் கெட்டவர்கள் அல்லர். குரலை உயர்த்த மாட்டார்கள். உட்காரச் சொல்வார்கள், தண்ணீர் கொடுப்பார்கள், நீங்கள் பேசும்போது ஒரு தடவைகூட செல்போனைப் பார்க்க மாட்டார்கள். நீங்கள் பேசி முடித்ததும், எப்போதோ முடிந்துபோன காரியத்தின் பக்கமாக உங்களைப் பதமாக நகர்த்தி விடுவார்கள்.

முத்தியால்பேட்டை பலராமனை எடுத்துக்கொள்ளுங்கள். தேங்காய்த்திட்டு மீன்பிடித் துறைமுகத்தில் சங்கரா மீனை வாங்கி, சுத்தம் செய்து, பையை வண்டியில் மாட்டிய பிறகுதான் மனைவி ஹேமலதாவுக்குப் போன் போட்டு இன்றைக்கு என்ன மீன் வாங்கலாம் என்று கேட்பார். அவர் நெத்திலி என்றால் நல்ல யோசனை என்று மனதாரப் பாராட்டுவார். மதியம் குழம்பில் சங்கராதான் கொதிக்கும்.

நகரின் நடுவே புல்வார் என்கிற பழைய பகுதிக்குள், மண்ணும் கல்லும் எடுக்க அனுமதி கொடுக்கிற, மீறினால் அதைப் பறிக்கிற அலுவலகத்தில் அவர் அதிகாரி. விசாரிக்காமல் யாரையும் தண்டித்ததில்லை என்பது அவருடைய பெருமை. உண்மைதான், விசாரிப்பார். எப்போது?

போன வாரம் பாகூர்ப் பக்கத்திலிருந்து அஞ்சலாட்சி வந்தார். தன் நிலத்தில் கொட்ட ஏரி வண்டல் எடுப்பதற்கு முறையாக அனுமதி வாங்கியவர். ஏரியில் அனுமதித்ததைவிடப் பெரிய பள்ளம் இருக்கிறதென்று அவருடைய டிராக்டரைப் பிடித்து வந்து அலுவலக வாசலில் நிறுத்தியிருந்தார்கள். நடவு நெருங்கிவிட்டது, உழ அவருக்கு அதை விட்டால் வேறு வழியில்லை. பலராமன் எழுந்து நின்று வரவேற்றார், டீ வரவழைத்தார். பள்ளம் தோண்டியது ராத்திரியில் வருகிற லாரிகள் என்று அவர் சொல்லச் சொல்லத் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். ஓரிடத்தில் மனம் இளகி, சொல்வதில் நியாயம் இருக்கிறது என்றுகூட ஒப்புக்கொண்டார்.

அஞ்சலாட்சி டீயைக் கீழே வைத்தார்.

"காலைல நான் பஸ் ஏற வரசொல்லவே ஏரிக்கரையில அனுமதி ரத்துன்னு போர்டு மாட்டினு இருந்தாங்க சார். அப்புறம் இன்னாத்துக்கு என்னை வந்து சொல்லச் சொல்றீங்க?"

பலராமனுக்கு நிஜமாகவே வருத்தமாகிவிட்டது. இத்தனை பொறுமையாகக் கேட்ட மனுஷனிடம் கேட்கிற கேள்வியா இது?

"அது வேற, இது வேறம்மா. உங்க தரப்பைக் கேக்காம நான் எதையும் செய்யறதில்ல."

மேல்முறையீடு செய்யலாம் என்று வழியும் காட்டினார். யாரிடம்? மேலதிகாரியிடம். மேலதிகாரி நீண்ட விடுப்பில் இருந்ததால் அந்தப் பொறுப்பையும் பலராமன்தான் பார்த்தார். அதனாலென்ன, எல்லாவற்றையும் மறுபடி முதலிலிருந்து கேட்கத் தனக்குச் சம்மதம் என்றார்.

அஞ்சலாட்சி வெளியே வந்து டிராக்டரின் மட்கார்டில் கை வைத்துக் கொஞ்ச நேரம் நின்றார். பிறகு முதலியார்பேட்டை வழியாகப் போகும் பஸ்ஸைப் பிடிக்க நடந்தார். சொந்த டிராக்டர் இங்கே வெயிலில் காய, அவர் ஊரில் யாரிடமாவது வாடகைக்குக் கெஞ்ச வேண்டும். சொல்லும்போதே எனக்கு வயிறு எரிகிறது.

உங்களுக்கும் எரிகிறதல்லவா? பலராமனை வேலையை விட்டே தூக்க வேண்டும் என்று தோன்றியிருக்கும். நியாயம்தான். ஆனால் முன்பொருமுறை, விசாரணை முடியட்டும் என்று ஒரு லாரியை விட்டுவைத்ததற்காக, ஒரு வார்த்தை கேட்காமல் அவரை நூற்றுக்கணக்கான மைல் தள்ளியிருக்கும் ஏனாமுக்குத் தூக்கியடித்தார்கள். இந்தப் போர்டை மாட்டச் சொல்லி முந்தின நாளே மேலிடத்திலிருந்து போன் வந்தது. கேட்டிருந்தால் இதையெல்லாம் சொல்லியிருப்பார். நீங்கள் கேட்கவில்லை, பாதி படிக்கும்போதே ஆளைத் தீர்த்துக்கட்டிவிட்டீர்கள்.

இப்போது வேண்டுமானால் கூப்பிட்டு உட்காரவைத்து விசாரியுங்கள். அவரும் சொல்லிவிட்டுப் போகட்டும். முறைப்படி கேட்டோம் என்று உங்களுக்கும் நிம்மதியாக இருக்கும்.