மேயர் நாற்காலியும் துளசித் தண்ணீரும்

எங்கள் பகுதி மேயர் இந்த முறை தான் நிற்கப் போவதில்லை என்று அறிவித்தார். முழங்கால் வலிக்கிறதாம். மீன் பிடிக்கப் போகிறாராம். லண்டனில் ஒரு மேயர் நாற்காலி தானாகக் காலியாவது சின்ன விஷயமில்லை. அடுத்த கிழமையே அதற்கு ஏழு பேர் புறப்பட்டார்கள். எட்டாவதாகவும் ஒருவர் புறப்பட்டார். அவர் தேர்தலில் நிற்கவில்லை, நிற்கிறவர்களை நம்பி உட்கார்ந்தார்.

அவர்தான் பூதபவிஷ்ய சிரோன்மணி ஸ்ரீலஸ்ரீ காலபைரவ அடிகள். இமயமலையிலிருந்து நேரே வந்தவர் என்று விளம்பரம் சொன்னது. நேரே வந்தவர் ஏனோ லண்டனின் மற்றப் பக்கத்தில் சவுத்தாலில் மூன்று வருடம் தங்கி, அங்கே ஏதோ சரிவராமல், எங்கள் பக்கத்துப் பலசரக்குக் கடைக்கு மேலேயுள்ள மண்டபத்தில் வந்து இறங்கியிருந்தார். ‘அடுத்த மேயர் யார்? வாக்குப் பெட்டி திறக்குமுன் அறிந்துகொள்ளுங்கள்!’ என்று கடைக் கண்ணாடியில், முருங்கைக்காய் விலைக்குப் பக்கத்தில் ஒட்டியிருந்தார்கள்.

ஞாயிற்றுக்கிழமைகளில் கூட்டம் மாடிப்படி இறங்கி, கடையைச் சுற்றி, பஸ் தரிப்பு வரை நின்றது. பஸ்காரர்கள் தங்களுக்குத்தான் காத்திருக்கிறார்கள் என்று நினைத்து நிறுத்தினார்கள். யாரும் ஏறவில்லை. வரிசையில் டாக்டர்கள் நின்றார்கள், கணக்காளர்கள் நின்றார்கள். வேலையில் கம்ப்யூட்டர் சொல்வதையே இரண்டு தரம் சரிபார்க்கிற இன்ஜினியர்கள், இங்கே ஒரு தரமும் சரிபார்க்க வேண்டாம் என்று முடிவெடுத்துச் செருப்பைக் கழற்றினார்கள்.

அடிகளின் முறை எளிது. பிறந்த திகதியும் நேரமும் கொடுத்தால், முதலில் சென்ற காலத்தை மைக்கில் சொல்வார். எந்த ஊர், எந்த வருடம் வந்தது, எந்தப் பிள்ளைக்கு என்ன வருத்தம், எல்லாம் அச்சொட்டாக இருக்கும். பிறகு வருங்காலத்துக்குப் போவார். அங்கே தோஷம் இருக்கும். தோஷத்துக்குப் பரிகாரமும், பரிகாரத்துக்குக் கார்டு மெஷினும் பக்கத்திலேயே இருக்கும். நடந்ததைச் சரியாகச் சொன்னவர் நடக்கப் போவதையும் சரியாகத்தான் சொல்வார் என்று கூட்டம் தலையாட்டியது. நேற்றைய கிரிக்கெட் ஸ்கோரைச் சொல்கிறவன் நாளைக்குச் சதம் அடிப்பான் என்பது மாதிரியான கணக்கு அது.

கோயம்புத்தூர்க்காரரான ஐடி விவேக்கும் மேயருக்கு நின்றார். அவரிடம் அடிகள், “நாற்காலி உனக்கே” என்று சொல்லிவிட்டார்.

“சாமி என் லைஃபையே புட்டுப் புட்டு வெச்சுட்டாருங்க!” என்று விவேக் கண்கலங்கினார். “ஒரு யாகம் மட்டும் பண்ணணுமாம். பண்றேன்னு சொல்லிட்டேன்.”

நாற்காலி ஒன்று, அது யாகக்காரருக்கு. ஆகவே மற்றத் தமிழ் வேட்பாளருக்கு ஏதாவது ஒரு கெடுதல் வர வேண்டியதாயிற்று.

அந்த மற்ற வேட்பாளர் குமுதினி. இரண்டு தடவை கவுன்சிலராக இருந்தவர். பூஞ்சணம் பிடித்த கவுன்சில் வீடுகளில் பிள்ளைகள் இருமுவதைக் கேட்டுக் கேட்டுக் கோபம் வந்து மேயருக்கு நிற்க முடிவெடுத்தவர். அடிகளிடம் போக மாட்டேன் என்று சொல்லிவிட்டார். அவருடைய கணவர் தவநேசன், “அப்ப நான் போறன்” என்று மனைவியின் பிறந்த திகதியோடு போனார்.

போனவர் வெளிறிப்போய்த் திரும்பி வந்தார்.

“உம்மட பள்ளிக்கூடம், உம்மட தகப்பன் வாத்தியார், இரண்டாவது பிள்ளை ஒப்பரேஷனிலை பிறந்தது, எல்லாம் சொல்லுறார் அப்பா!”

“சரி, முடிவா என்ன சொன்னவர்?”

தவநேசன் கதிரையில் இருந்தார். “நீர் நிண்டால் தாலிக்குக் கண்டமாம்.”

தாலி என்றால் தவநேசன். அன்றிலிருந்து அவர் காரின் பின் சீட்டிலும் பெல்ட் போட்டார், பல்ப் மாற்ற ஏணியில் ஏறவில்லை. உறவினர்கள் போன் எடுத்தார்கள். “பிள்ளை, மேயர் பதவி பிறகும் வரும், மனுசன் வருமோ?” வேட்புமனுவைத் திரும்பப் பெற அடுத்த கிழமை வியாழன் பின்னேரம் நாலு மணி வரை நேரம் இருந்தது.

குமுதினி தேர்தல் முகவர் டொலறஸின் வீட்டுக்குப் போனார். டொலறஸ் மன்னார்க்காரி, ஆஸ்பத்திரியில் மருந்தாளர். இருவரும் ஒரே வீதியில் இருபது வருடம் பழகியவர்கள்.

“நான் கண்டத்துக்குப் பயப்பிடேல்லை டொலறஸ்,” என்றார் குமுதினி. “ஆனா நாளைக்கு இவருக்கு ஒரு தடிமன் காய்ச்சல் வந்தாலும் நான்தான் சாக்காட்டினனான் எண்டு சனம் சொல்லும். பிள்ளையளும் அதைக் கேட்டு வளருவினம். ஏலாது. நான் விலகப் போறன்.”

டொலறஸ் கேட்டார்: “தவநேசன் அண்ணை என்ன திகதி குடுத்தவர்?”

“தை ஒண்டு. பாஸ்போட்டிலை கிடக்கிறதுதான்.”

“உன்ர பிறந்த நாளுக்கு நான் ஆவணியிலைதானே கேக் வாங்கிறனான்?”

குமுதினி நிமிர்ந்தார். தை ஒன்று, அதாவது ஜனவரி முதலாம் திகதி, அவரை லண்டனுக்கு ஏற்றிய ஏஜென்ட் எழுதிய திகதி. அந்த ஏஜென்ட் தன்னிடம் வந்த பாதிப் பேரைத் தை ஒன்றிலேயே பிறக்க வைத்தவர். எங்கள் சனத்தில் பலருக்குப் பிறந்த நாள் இரண்டு: ஒன்று தாய் கொடுத்தது, மற்றது ஏஜென்ட் கொடுத்தது. தவநேசன் பழக்கதோஷத்தில் பாஸ்போர்ட் திகதியைக் கொடுத்துவிட்டார். ஏஜென்ட் எழுதிய அந்தத் திகதியிலிருந்து குமுதினியின் பள்ளிக்கூடம் சரியாக வந்திருக்கிறது!

தவநேசனைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். அவர் அசரவில்லை. “பிழையான திகதியிலையும் சரியாச் சொல்லுறார் எண்டால், பாருங்கோவன் அவரின்ரை சக்தியை!”

நம்பிக்கை என்பது அப்படித்தான். சரியாக வந்தால் சாஸ்திரம், பிழையாக வந்தால் சக்தி.

டொலறஸ் விடவில்லை. “அண்ணை, உள்ளுக்குப் போக முதல் எங்கை இருந்தனீங்கள்?”

“வெயிட்டிங் ரூமிலை. ஜெயகௌரி எண்டு ஒரு பிள்ளை, நல்ல பிள்ளை, தேத்தண்ணி தந்தவ.”

“என்ன கதைச்சனீங்கள்?”

“ஒண்டும் கதைக்கேல்லை. சும்மா, ஊரிலை எவடம், ஆரின்ரை ஆக்கள், எப்ப வந்தனீங்கள் எண்டு...” தவநேசன் சொல்லிக்கொண்டே போனார். பாதியில் குரல் சின்னதாகியது. இருந்தாலும், “அது எல்லாரும் கேக்கிறதுதானே!” என்று முடித்தார்.

உண்மை. எல்லாரும் கேட்கிறதுதான். இரண்டு யாழ்ப்பாணத்தார் சந்தித்தால் பேர் கேட்க முதல் ஊர் கேட்பார்கள். ஐந்து நிமிடத்தில் வளவு, மாமன், விசா, சத்திரசிகிச்சை வரை வந்துவிடும். அதை யாரும் தகவல் கொடுத்ததாக நினைப்பதில்லை. வங்கியிலிருந்து போன் வந்தால் பிறந்த திகதியே சொல்லாத மனிதர்கள், ஒரு கோப்பைத் தேத்தண்ணிக்குப் பரம்பரையையே ஒப்புவித்துவிடுகிறார்கள்.

அந்த ஞாயிறு டொலறஸ் வரிசையில் நின்றார். கழுத்தில் சிலுவை இருந்தது. அடிகள் எம்மதமும் சம்மதம், கார்டும் சம்மதம் என்றிருந்ததால் யாரும் தடுக்கவில்லை. பதிவுத் துண்டில் தன் உண்மையான பிறந்த திகதியை, நேரத்தோடு கொடுத்தார். காத்திருக்கும் அறையில் ஜெயகௌரி தேத்தண்ணியோடு வந்தார்.

“அக்கா, ஊரிலை எவடம்?”

டொலறஸ் பெருமூச்சு விட்டார். “பருத்தித்துறை. அதையேன் கேக்கிறியள். ஏஜென்ட் மொஸ்கோவிலை இறக்கிவிட்டு, ஒரு வருசம் பனிக்குள்ளை கிடந்து வந்தனான். கட்டினவரும் விட்டிட்டு கனடாவுக்கு ஓடிட்டார்.”

“ஐயோ பாவம்,” என்றார் ஜெயகௌரி. அந்தப் பரிவு உண்மையாகவே இருந்தது.

பிறகு ஜெயகௌரி செம்பில் துளசித் தண்ணீர் எடுத்துக்கொண்டு உள்ளே போனார். ஒவ்வொரு பக்தருக்கும் முன்பு அடிகளுக்குத் தொண்டை வரண்டுவிடும். ஜெயகௌரி அவர் காதருகே குனிந்து மரியாதையோடு கொடுப்பார்.

டொலறஸ் மேடையில் போய் இருந்தார். மண்டபம் நிறைந்திருந்தது. முன் வரிசையில் விவேக். மூன்றாம் வரிசையில் குமுதினி, தவநேசன், அவர்களுக்குப் பக்கத்தில் இன்னொரு மனிதர்.

அடிகள் கண்ணை மூடினார். “மகளே... கடற்காற்று வீசுகிறது... பருத்தித்துறை மண் தெரிகிறது.” கூட்டம் ஆவென்றது. “பனி... மொஸ்கோ நகரத்துப் பனி... அழாதே மகளே. உன்னைக் கைவிட்டுக் கனடாவுக்குப் போன அந்தப் பாவி...”

“ஆர், நானோ?”

குமுதினிக்குப் பக்கத்தில் இருந்த மனிதர் எழுந்து நின்றார். பேர் கஸ்பர். டொலறஸின் கணவர்.

“நான் எப்ப கனடாவுக்குப் போனனான்? இண்டைக்குக் காலமை கூட நான்தானே இவவுக்கு இடியப்பம் அவிச்சுக் குடுத்தனான்!”

டொலறஸ் மைக்கை வாங்கினார். “நான் மன்னாரிலை பிறந்தனான். ஸ்டுடன்ட் விசாவிலை நேரா ஹீத்ரோவிலை இறங்கினனான். மொஸ்கோவைக் கண்ணாலையும் கண்டதில்லை. அடிகளுக்குக் குடுத்த பிறந்த திகதி மட்டும் உண்மை. மற்றது எல்லாம் தேத்தண்ணியோடை சொன்ன பொய்.”

அடிகள் அனுபவசாலி. “அது இந்தப் பிறவியல்ல மகளே. முற்பிறவி,” என்றார்.

“முற்பிறவியிலும் கனடாவுக்கு விசா வேணுமோ சாமி?” என்று பின்னாலிருந்து யாரோ கேட்டார்கள்.

அதோடு முடிந்திருந்தால் அடிகள் ஒருவேளை தப்பியிருப்பார். கதவருகே செம்போடு நின்ற ஜெயகௌரிக்குத்தான் பொறுக்கவில்லை.

“அக்கா, நீங்கள்தானே என்னட்டைப் பருத்தித்துறை எண்டு சொன்னனீங்கள்!”

செய்யாத பிழைக்குப் பழி வந்துவிடுமோ என்ற பயத்தில், செய்த பிழை முழுவதையும் சொல்லி முடித்தார்.

விவேக் மெதுவாக எழுந்தார். “அப்ப என் யாகம்?” என்றார். அடிகள் தியானத்தில் ஆழ்ந்து, கார்டு மெஷினை மட்டும் கவனமாக எடுத்துக்கொண்டு பின்கதவால் போனார்.

தவநேசன் மனைவியின் முகத்தைப் பார்க்க முடியாமல் நிலத்தைப் பார்த்தார். “நான்தான் எல்லாத்தையும் போய்ச் சொல்லிப்போட்டு வந்திருக்கிறன் என்ன?” என்றார்.

“ஓம்,” என்றார் குமுதினி. “நல்ல காலம் பாஸ்வேட் கேக்கேல்லை.” சிரிக்க நினைத்து அழுதுவிட்டார். அவ்வளவு பயந்திருந்தார். வியாழக்கிழமை நாலு மணி வந்தது, போனது. குமுதினியின் பேர் அப்படியே வாக்குச் சீட்டில் ஏறியது. தவநேசன் உயிரோடு இருந்தார், துண்டுப் பிரசுரங்கள் கொடுத்துக்கொண்டு.

இதோடு எங்கள் சனம் திருந்திவிட்டது என்று எழுத எனக்கும் ஆசைதான். அன்று மண்டபத்து வாசலிலேயே பெரியவர் ஒருவர் டொலறஸை மறித்தார். மூன்று ஞாயிறு வரிசையில் நின்றவருக்கு, அந்த அடிகளுக்கே ஒன்றும் தெரியாது என்பதில் நல்ல கவலை.

“பிள்ளை, நீர் கெட்டிக்காரி. நீராவது சொல்லும். இந்த முறை ஆர் மேயரா வருவினம்?”

“நீங்கள் ஆருக்கு வோட் போடப் போறியள் ஐயா?”

“நானோ?” பெரியவர் சிரித்தார். “எனக்கு எங்கை வோட்? நான் இன்னும் பதியேல்லை.”

யார் வெல்வார் என்று அறிய மூன்று ஞாயிறு மழையில் நின்றவருக்கு, அதை முடிவு செய்ய, வாக்காளராகப் பேர் பதிய ஐந்து நிமிடம் கிடைக்கவில்லை. ஐயா, பதிவுக்கு இன்னும் ஒரு கிழமை இருக்கிறது. அதற்கு நல்ல நேரம் பார்க்க வேண்டாம்.