ஐஸ் சம்மாட்டியின் அறுபது ஜிபி

ஞாயிற்றுக்கிழமை காலை ஆறு மணி பத்து நிமிடம். நான் முதலில் கண்டது ஒரு மீன் பெட்டியை. இரண்டு பேர் பிடித்துத் தூக்கும் பெரிய ஃபைபர் பெட்டி. உள்ளே நான்கு பக்கமும் உடைத்த ஐஸ். நடுவில், பாரை மீன் கிடக்க வேண்டிய இடத்தில், ஒரு கணினி நிமிர்ந்து நின்று ஓடிக்கொண்டிருந்தது. பெட்டியின் விளிம்பைத் தாண்டி மூன்று வயர்கள் வெளியே வந்து, சுவரோரம் மேசையில் இருந்த திரைக்கும் மின்சாரத்துக்கும் போயின.

பெட்டிக்குப் பக்கத்தில் கதிரை போட்டு ஐஸ் சம்மாட்டி அமர்ந்திருந்தார். கையில் ஐஸ் உடைக்கிற கட்டை.

"சத்தம் போடாம வாங்க தம்பி. எழுபத்தொண்டு வீதத்தில நிக்குது" என்றார்.

கற்பிட்டிக் கரையில், ஐஸால் தீராத பிரச்சினை ஒன்று உலகத்தில் உண்டு என்பதை ஒப்புக்கொள்ளாத ஒரே மனிதர் அவர்தான். சம்மாட்டி என்றால் வள்ளமும் வலையும் சொந்தமாக உள்ளவர். இவருக்கு வள்ளம் கிடையாது, வலை கிடையாது. ஒரு சின்ன லொறியும், கண்டக்குழிக் கரையில் ஓர் ஐஸ் கொட்டிலும் மட்டுமே இருந்தன. ஆனால் அவர் ஐஸ் கொடுக்காமல் ஒரு வள்ளமும் தூரக் கடலுக்குப் போக முடியாது. ஆகவே ஊர் அவருக்கு அந்தப் பட்டத்தைக் கொடுத்தது. கோயில் கணக்குப் புத்தகத்தில்கூட அவர் பெயர் 'ஐஸ் சம்மாட்டி' என்றே இருந்ததைப் பார்த்திருக்கிறேன்.

மகளின் கல்யாணக் கேக்கை வெயிலில் உருகாமல் கொண்டுவர அவர் தன் லொறியைத்தான் நம்பினார். கேக் உருகவில்லை. வெட்டியபோது சூடை மீன் வாசம் வந்தது. மாப்பிள்ளை வீட்டார் அதைக் கடற்கரை வழக்கம் என்று நினைத்து மரியாதையாகச் சாப்பிட்டார்கள். ஒருமுறை திருவிழாவில் ஒலிபெருக்கியின் அம்ப்ளிஃபயர் சூடாகிவிட்டது என்று யாரோ சொல்ல, ஒரு பை ஐஸை அதன் தலையில் வைத்தார். பிரசங்கம் ஏழாவது நிமிடத்தில் நின்றது. அதற்காக அவர் கையைப் பிடித்து நன்றி சொன்னவர்களின் பெயர்களை நான் எழுதப் போவதில்லை.

அப்படிப்பட்டவரை ஒரே ஒரு சொல்லால் சாய்த்தவர் செபா. சம்மாட்டியின் மனைவி பிலோமினா அக்காவுக்கு ஒரே தம்பி.

ஆறு வருடங்களுக்கு முன் செபா மூன்று நாள் தொழிலுக்குக் கடலுக்குப் போனார். சம்மாட்டி கொடுத்த ஐஸ் இரண்டாம் நாளே தீர்ந்துவிட்டது. கொண்டு வந்த மீனை ஏலத்தில் கேட்க ஆளில்லை. கரையில் நின்ற அத்தனை பேர் முன்னாலும் செபா சொன்னார்: "அத்தான் ஐஸ் விக்கயில்ல. தண்ணி விக்கிறார்."

வேறு யாரையும் பற்றிச் சொல்லியிருந்தால் அது பகிடி, சிரிப்போடு போயிருக்கும். சம்மாட்டி லொறியை எடுத்துக்கொண்டு போனார். அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சில்லை, கதை இல்லை. அடுத்த வருடம் செபா இத்தாலிக்குப் போனபோது சம்மாட்டி வழியனுப்பப் போகவில்லை. ஆனால் விமான நிலையத்துக்குப் புறப்பட்ட வான் வண்டியின் பின்பக்கம், ஐஸ் போட்ட பெட்டிக்குள் ஒரு டசின் சோடாப் போத்தல் இருந்தது. யார் வைத்தது என்று யாரும் கேட்கவில்லை.

பிறகு எல்லாம் அக்கா வழியாகத்தான் போய் வந்தது. செபா வாட்ஸ்அப்பில் எடுத்தால் சம்மாட்டி தொலைக்காட்சியின் சத்தத்தைக் கூட்டுவார். "உன்ர தம்பிட்ட சொல்லு, குளிருக்குள்ள தலையை மூடட்டுமாம்" என்பார். "அத்தானிட்ட சொல்லக்கா, இங்க எல்லாரும் மூடித்தான் திரியிறம் எண்டு" என்று பதில் வரும்.

"நான் என்ன தபால் கந்தோரா? ரெண்டு பேரும் எனக்கு முத்திரை ஒட்டி விடுங்க" என்று அக்கா ஒருநாள் போனை மேசையில் வைத்துவிட்டு எழும்பிப் போனார். போனில் ஒருவர் மூச்சுவிட, கதிரையில் ஒருவர் மூச்சுவிட, நான்கு நிமிடம் இருவரும் அப்படியே இருந்தார்கள். பிறகு செபா வைத்துவிட்டார்.

அப்படியிருக்க, ஓர் ஆவணி மாதம் செபாவிடமிருந்து ஒரு பரிசு வந்தது. இத்தாலியில் வேலை முடிந்து அறைக்கு வந்தால், செபா கணினியில் கடலுக்குப் போவாராம். மீன்பிடி விளையாட்டு. ஆளுக்கொரு வள்ளம், எந்த நாட்டில் இருந்தாலும் ஒரே கடலில் இறங்கலாம், கதைத்துக்கொண்டே வலை போடலாம். அதை ஓர் இணையக் கடையில் வாங்கி, சம்மாட்டியின் மகள் விட்டுப்போன பழைய மின்னஞ்சலுக்கு அனுப்பியிருந்தார். கூடவே அக்காவிடம் ஒரு செய்தி: வருகிற ஞாயிறு இலங்கை நேரம் காலை பத்து மணிக்குக் கடலில் நிற்பேன். அத்தான் வந்தால் வரட்டும். வராவிட்டால் இனி நான் கேட்க மாட்டேன்.

இந்தக் கடைசி வசனத்தை அக்கா என்னிடம் இரண்டு முறை சொன்னார். நான் அப்போது பக்கத்து வீட்டில் வாடகைக்கு இருந்தேன். பத்திரிகைக்காரனுக்குக் கணினி தெரியும் என்பது ஊரின் நம்பிக்கை. மகளின் பழைய கணினியில் பரிசைத் திறந்து காட்டினேன். சம்மாட்டி திரையைப் பார்த்தார், மேசைக்குக் கீழே பார்த்தார்.

"பெட்டி எங்க?"

"பெட்டி இல்ல சம்மாட்டியார். இதுக்குள்ளயே இறங்கும்."

"சீடி?"

"சீடியும் இல்ல."

"வாங்கினது எண்டா கையில ஒண்டு வர வேணாமா? ஒரு துண்டு காயிதம்கூட இல்ல" என்றவர், அக்கா நிற்கிற பக்கம் திரும்பினார். "என்னைத் தண்ணி விக்கிறவன் எண்டான். அவன் காத்தை வாங்கி அனுப்பியிருக்கான்."

ஆனால் 'நிறுவு' என்ற பொத்தானை அவரேதான் அழுத்தினார். அறுபது ஜிபி. எங்கள் கரையில் சிக்னல் காற்று அடிக்கிற பக்கம் பார்த்து வரும். ரூட்டரைப் பொலித்தீனில் சுற்றி, பத்தடிக் கம்பில் கட்டி, கூரைக்கு மேலே உயர்த்தினார். இரண்டு நாளில் நூற்றுக்கு மூன்று வீதம் இறங்கியது. வியாழக்கிழமை அதைக் கணக்குப் பார்த்து, இந்த வேகத்தில் கார்த்திகை மாதத்தில் முடியும் என்று நான் சொன்னேன். அக்கா அடுப்படிக்குள் போய்விட்டார். அன்று இரவுச் சாப்பாட்டில் உப்பில்லை என்று சம்மாட்டி மறுநாள் சொன்னார். அக்காவிடம் சொல்லாமல் சாப்பிட்டாராம்.

வெள்ளிக்கிழமை காலை கணினியைப் பாலாவிக்குக் கொண்டு போனார். ஐஸ் லொறியில்தான். எனக்குப் புத்தளம் பஸ் பிடிக்க வேண்டியிருந்ததால் நானும் ஏறினேன். பாலாவிச் சந்தியில், சீமெந்து லொறிகளின் தூசுக்கு நடுவே, கேபிள் இணையம் உள்ள ஒரு கணினிக் கடை. சம்மாட்டி கணினியை மேசையில் வைத்து, நானா என்று ஊர் அழைக்கிற முஸ்லிம் கடைக்காரரிடம் ஓர்டர் கொடுத்தார்.

"நானா, இதுக்குள்ள அறுபது ஜிபி நிரப்பித் தாங்க. ஒரு ஆறு கூடப் போடுங்க."

"ஆறு என்னத்துக்கு அண்ண?"

"கண்டக்குழி போக ஒரு மணித்தியாலம் செல்லும். வழியில கரையுமெல்லா."

முப்பது வருடம் ஐஸ் ஏற்றிய கணக்கு அது: பத்துக்கு ஒன்று கழிவு. கடைக்காரர் என்னைப் பார்த்தார். நான் பஸ் வருகிறதா என்று பார்த்தேன்.

"அண்ண, இது கரையாது. நீங்க மக்காவுக்குக் கொண்டு போனாலும் அறுபது அறுபதுதான்."

"எல்லாரும் ஏத்தேக்க அப்பிடித்தான் சொல்லுவாங்க" என்றார் சம்மாட்டி. அந்த இடத்தில் அவர் முகம் கொஞ்சம் மாறியது. செபாவுக்கு ஐஸ் ஏற்றியபோது அவர் சொன்ன வார்த்தைகள் அவையாக இருக்கலாம்.

நான் பஸ் ஏறிய பிறகு நடந்ததைக் கடைக்காரரே பின்னர் சொன்னார். பன்னிரண்டு மணிக்கு அவர் ஜும்ஆத் தொழுகைக்குப் போக வேண்டும். இறக்கம் பாதிதான் ஆகியிருந்தது. சம்மாட்டி எழும்ப மறுத்தார். கடைசியில் கடைக்காரர் அவரை உள்ளே வைத்துக் கடையைப் பூட்டிக்கொண்டு போனார். திரும்பி வந்து திறந்தபோது ஏசி பதினாறில் ஓடிக்கொண்டிருந்தது. கடையில் விற்பனைக்கு இருந்த மின்விசிறிகள் எல்லாம் இந்த ஒரு கணினியைப் பார்த்துத் திருப்பி வைக்கப்பட்டிருந்தன. அறுபதும் இறங்கியிருந்தது. கணினியைக் கட்டிக் கொடுத்தபோது கடைக்காரர் ஒரே ஒரு பிழை விட்டார்.

"வீட்டை போய்த் திறந்தா மிச்சத்தை அதுவே விரிச்சுக்கொள்ளும். பழைய மெசின், சூடாகும். பாத்துக்குங்க."

இதை அவர் யாரிடம் சொல்கிறோம் என்று யோசித்திருக்க வேண்டும்.

முதல் வேலையாக, வழியில் வெயில் படாமலிருக்கக் கணினியை உமிச் சாக்குக்குள் புதைத்துக் கொண்டு வந்தார் சம்மாட்டி. முன்பெல்லாம் ஐஸ் கட்டிகளை அப்படித்தான் உமிக்குள் கொண்டு வருவார்கள். உமி கணினியின் காற்றாடிக்குள் போனது. சனிக்கிழமை திறந்ததும் அது களத்தில் நெல் தூற்றுகிற மாதிரி உமியைப் பறக்கவிட்டது; பிறகு சூடாகி அணைந்தது. ஆறவிட்டுப் போட்டார். மறுபடி அணைந்தது. மூன்றாவது முறை அணைந்தபோது, தொழில் தெரிந்த மனிதராக, மீன் பெட்டியை இழுத்து வந்தார்.

இப்படித்தான் ஞாயிறு காலை ஆறு பத்துக்கு நான் அந்தக் காட்சியைக் கண்டேன்.

"கரண்ட் அடிச்சுச் சாகப் போறீங்க" என்றேன்.

"கணினிக்குப் பொலித்தீன் உறை போட்டிருக்கன். உப்புச் சாக்கும் சுத்தியிருக்கன். மூண்டு நாள் மீனே பழுதாகாம கிடக்குது. இது நாலு மணித்தியாலம் கிடக்காதா?"

அது கிடந்தது. இன்று வரை எனக்கு நம்ப முடியவில்லை. எழுபத்தொன்று எண்பதானது. ஐஸ் கரையக் கரைய அவர் அடியில் இருந்த அடைப்பைத் திறந்து தண்ணீரை வடித்தார். புதிதாக உடைத்துப் போட்டார். ஏழு மணிப் பூசைக்கு அக்கா தனியாகப் போனார். ஒன்பது நாற்பதுக்குத் திரையில் நூறு என்று விழுந்தது. சம்மாட்டி கதிரையை விட்டு எழும்பி, முகம் கழுவி, சட்டை மாற்றி வந்தார்.

கோயிலிலிருந்து வந்த அக்காவின் கையில் சின்னப் போத்தல் ஒன்று இருந்தது. தீர்த்தம். எங்கள் கரையில் தீர்த்தம் தெளிக்காமல் எந்தப் புது வள்ளமும் தண்ணீரில் இறங்காது. இதிலும் வள்ளம் ஒன்று உண்டு என்பது அக்காவின் நியாயம். நான் தடுப்பதற்குள் அக்கா பிதா, சுதன், ஸ்பிரித்து சாந்து என்று மூன்று முறை தெளித்துவிட்டார். இரண்டு முறை திரையில் பட்டது. மூன்றாவது கீபோர்ட்டில் விழுந்தது.

விளையாட்டுத் திறந்தது. சம்மாட்டி வாய் பிளந்தபடி நின்றார். அது ஏதோ வட நாட்டுக் கடல். பனி. கண் எட்டிய தூரம் வரை தண்ணீரில் ஐஸ் பாளம் பாளமாக மிதந்தது.

"இவ்வளவும் ஐஸா?"

"ஓம்."

"சும்மா கிடக்குதா? ஆரும் எடுக்கிறேல்லையா?" அவர் மெல்ல உட்கார்ந்தார். "அப்ப இங்க தொழில் செய்யிறவன் எப்பிடிச் சீவிக்கிறான்?"

துறைமுகத்தில் ஒரு கடை இருந்தது. வலை, எரிபொருள், தூண்டில், ஐஸ். விளையாட்டு கொடுத்திருந்த காசு முழுவதுக்கும் அவர் ஐஸ் வாங்கச் சொன்னார். வலை வேண்டாமா என்று கேட்டேன். "நீங்க ஐஸை வாங்குங்க" என்றார். வள்ளத்தின் அறை நிறையும் வரை வாங்கினேன்.

பிறகுதான் மூன்றாவது தெளிப்பின் பலன் தெரிந்தது. முன்னே போகிற எழுத்துப் பொத்தான் வேலை செய்யவில்லை. பின்னே போகிறது மட்டும் வேலை செய்தது. மணி பத்து இரண்டு. மாற்றுக் கீபோர்ட் தேட நேரமில்லை. அக்கா சுவர்க் கடிகாரத்தைப் பார்க்காமல் இருக்க முயன்றுகொண்டிருந்தார். சம்மாட்டி வள்ளத்தைப் பின்பக்கமாகவே துறைமுகத்தை விட்டு வெளியே எடுத்தார். இரண்டு பனிப்பாளங்களில் இடித்தார். ஒரு மிதவையைச் சாய்த்தார். ஆனால் நிறுத்தவில்லை.

பத்து பதினாலுக்குத் திரையில் இன்னொரு வள்ளம் தெரிந்தது. எஞ்சினை நிறுத்திவிட்டு ஒரே இடத்தில் நின்றது. ஸ்பீக்கரில் யாரோ இருமினார்கள். அக்கா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார். விளையாட்டின் காற்றுச் சத்தம் மட்டும்.

"அத்தான்" என்றது ஸ்பீக்கர். "ஏன் பின்பக்கமா வாறீங்க?"

சம்மாட்டி மைக்கைப் பார்த்தார். தொண்டையைச் செருமினார்.

"முன்பக்கம் வேலை செய்யுதில்ல."

சம்மாட்டி மைக்கை இன்னும் கிட்ட இழுத்தார்.

"மச்சான், ஐஸ் கொண்டந்திருக்கன்."

"இங்க கடலே ஐஸ்தானே அத்தான்."

"அது கடல்ட ஐஸ். இது நான் கொண்டந்தது. வள்ளம் நிறைய இருக்குது, ஏறிப் பார்."

திரையில் செபாவின் ஆள் வள்ளம் மாறி ஏறி, மூடியைத் திறந்து பார்த்தான். நெடுநேரம் பார்த்தான்.

"அத்தான், இப்பிடி ஏத்தினா மீனை எங்க போடுறது?"

"மீனைப் பிறகு பாப்பம். நீ தலையை மூடிக்கொண்டா இருக்கிற?"

பெட்டியில் ஐஸ் பாதிக்கு மேல் கரைந்திருந்தது. சம்மாட்டி திரும்பிப் பார்க்கவில்லை. அக்காதான் கட்டையை எடுத்து உடைத்துப் போட்டார். அத்தானும் மச்சானும் கதைத்த கதை பத்து பதினாலுக்குத் தொடங்கி ஒன்று இருபதுக்கு முடிந்தது. அதுவரை இருவரும் ஒரு மீன்கூடப் பிடிக்கவில்லை.