ஏர் படாத இரண்டு ஏக்கர்

நிலம் பச்சைப்பசேல் என்று இருந்தது. அதைப் பார்த்ததும் பாங்கின் வசூல் அதிகாரி பைக்கை நடுரோட்டிலேயே நிறுத்திவிட்டார்.

போன மாதம் அவரே படம் பிடித்துக் கோர்ட்டில் கொடுத்த போட்டோவில் இதே இரண்டு ஏக்கர் வழுக்கைத் தலை மாதிரி இருந்தது. நடுவில் நல்ல மழை. இப்போது முழங்கால் உயரத்துக்குப் புல்.

நிலத்தை அடமானம் வைத்தவர் கடனைக் கட்டவில்லை. பாங்கு ஏலம் விடப் போனது. ‘இது விவசாய நிலம், சட்டப்படி பாங்கு கை வைக்க முடியாது’ என்று அவர் கோர்ட்டுக்குப் போனார். ‘பத்து வருஷமாக ஏர் படாத தரிசு, தாராளமாகக் கை வைக்கலாம்’ என்றது பாங்கு. நேரில் பார்த்து எழுதிக் கொடுக்கும்படி நீதிபதி ஒரு வக்கீலைக் கமிஷனராகப் போட்டார். அந்தக் கமிஷனர் இன்று மாலை நாலு மணிக்கு வருகிறார்.

அதிகாரி மேனேஜருக்குப் போன் போட்டார்.

“புல்லுதானே? எடுத்துடுங்க. கமிஷனர் வர்றப்போ மொட்டையா இருக்கணும். இல்லேன்னா புரமோஷனை மறந்துடுங்க.”

அதிகாரி ரோட்டில் போன ஒரு டிராக்டரைக் கைகாட்டி நிறுத்தினார்.

“இந்தப் புல்லு மொத்தமும் போகணும். முடியுமா?”

“ரெண்டு மணி நேரம் சார்,” என்றார் டிராக்டர்காரர்.

அதிகாரி மரத்தடியில் உட்கார்ந்து ஃபைலைப் புரட்டினார். தொட்டிச் செடிக்குக்கூடத் தண்ணீர் ஊற்றி அறியாதவர். அவர் நிமிர்ந்தபோது புல்லைக் காணோம். சீப்பால் வாரிவிட்டது போல வரிவரியாக மண் புரண்டு கிடந்தது.

“என்னய்யா இது?”

“உழவு சார்.”

“உன்னை யாரு உழச் சொன்னது?”

“புல்லு போகணும்னீங்க. டிராக்டரை வெச்சுக்கிட்டு நான் வேற என்ன சார் பண்றது?”

“இந்த வரியெல்லாம் தெரியக் கூடாது. அழிச்சுடு.”

“மண்ணு ஊறினாத்தான் சார் அமுங்கும். தண்ணி லாரி வேணும்.”

லாரி லாரியாகத் தண்ணீர் இறங்கியது. வரிகள் மறைந்தன. நிலம் கண்ணாடி மாதிரி பளபளத்தது. எங்கிருந்தோ ஏழு கொக்குகள் வந்து வரிசையாக இறங்கின.

“இதுங்க எதுக்கு வருது?”

“நாத்து நடப் போறாங்கன்னு நெனச்சிருக்கும் சார்.”

அதிகாரி கொக்கு விரட்ட இறங்கினார். ஏழில் மூன்று பறந்தன. நாலாவதைத் துரத்தும்போது வலது கால் சேற்றில் போயிற்று. கால் திரும்பி வந்தது, ஷூ வரவில்லை. அதைத் தேடக் குனிந்ததில் சட்டையும் நிலத்தின் நிறத்துக்கு வந்துவிட்டது.

மணி இரண்டரை. தண்ணீர் உள்ளே இறங்கி, மண் மட்டும் களியாக நின்றது. அந்த நேரம் பார்த்து ஒரு பெண்மணி அறுபது ஆடுகளை ஓட்டிக்கொண்டு வந்தார்.

“அம்மா, ஆட்டையெல்லாம் கொஞ்சம் உள்ளே விடுங்க. மிதிச்சு மிதிச்சு மண்ணு கெட்டியாகணும்.”

அந்த அம்மா அவரை ஏற இறங்கப் பார்த்தார். “விடறேன். ஆனா ஆடு மிதிக்கிறதோட நிறுத்தாது, சொல்லிட்டேன்.”

ஆடுகள் மிதித்தன. அதோடு நிறுத்தவில்லை. அரை மணி நேரத்தில் நிலம் முழுக்க, யாரோ அளந்து தூவியது போலப் புழுக்கை.

டிராக்டர்காரர் மெய்ம்மறந்து நின்றார். “உழவாச்சு, தண்ணியாச்சு, எருவாச்சு. இனிமே விதைக்க வேண்டியதுதான் சார்.”

“வாயை மூடுய்யா!”

அதிகாரிக்குச் சட்டையாவது சுத்தமாக இருக்கட்டும் என்று தோன்றியது. லாரியில் மிச்சமிருந்த தண்ணீரில் அலசி, நிலத்தின் நடுவே பாங்கு நட்டிருந்த எச்சரிக்கைப் பலகையில் இரண்டு கையும் விரியக் காயப் போட்டார். ஹெல்மெட்டை அதன் தலையில் கவிழ்த்தார்.

நாலு மணிக்குக் கார் வந்தது. கண்ணாடி போட்ட கமிஷனர் அம்மா இறங்கி வரப்பில் நடந்தபடியே எழுதினார். “உழவு... ஈரம்... எரு...” பலகையைப் பார்த்து ஒரு கணம் நின்றார். “சோளக்கொல்லை பொம்மை.”

பிறகு பனியனும் சுருட்டிய பேண்ட்டும் ஒற்றை ஷூவுமாக நின்றவரைப் பார்த்தார்.

“நீங்கதான் நிலத்துக்காரரா?”

“இல்லைங்க மேடம், நான் பாங்கு.”

“பாங்கா? அப்போ இதையெல்லாம் பண்ணினது யாரு?”

“நான்தான் மேடம். ஆனா இது தரிசு.”

“தரிசை எதுக்கு உழுதீங்க?”

“புல்லை எடுக்கத்தான் மேடம்,” என்றார் அதிகாரி. கமிஷனர் அம்மா அதையும் எழுதிக்கொண்டார்.

கடன் வாங்கியவரும் அவர் மனைவியும் பஸ்ஸில் வந்து இறங்கி ரோட்டோரம் நின்றிருந்தார்கள். அவர் தன் நிலத்தை யாருடைய நிலத்தையோ பார்ப்பது போலப் பார்த்தார்.

“நீங்க ஏதாவது சொல்லணுமா?” என்று கமிஷனர் அம்மா கேட்டார்.

அவர் கையில் நாலாக மடித்த ஒரு காகிதம் இருந்தது. நீட்டப் போனார். மனைவி அதை வெடுக்கென்று பிடுங்கி இடுப்பில் செருகிக்கொண்டார்.

“ஒண்ணும் இல்லைங்க. பார்த்ததை எழுதினாப் போதும்.”

கார் கிளம்பிப் போகும்வரை மனைவி கைகூப்பி நின்றார். பிறகு அதிகாரியின் பக்கத்தில் வந்து தணிந்த குரலில் சொன்னார்:

“ரொம்ப உபகாரம் சார். இது தரிசுதான், பாங்கே எடுத்துக்கட்டும்னு எழுதிக் கொடுக்கத்தான் இவரை இன்னைக்கு இழுத்துக்கிட்டு வந்தேன்.”