செவலையின் உதை

மூன்றாம் நாளும் செவலைப் பசு உதைத்தது. பால்செம்பு ஒருபுறம் உருண்டது. கோவிந்தராசு மறுபுறம் உருண்டார்.

விருத்தாசலத்துப் பீங்கான் பொம்மைச் சூளையொன்றில் அவர் மேற்பார்வையாளர். இருபது பேர் அவருடைய குரலுக்கு நடுங்குவர். இந்தப் பசு மட்டும் பணிய மறுத்தது. நாள்தோறும் கறக்கும் மனைவி அமிர்தமோ திட்டக்குடியில், தாய்வீட்டில் இருந்தாள். மாமியாருக்கு உடம்பு சரியில்லை என்று தெருவில் சொல்லிவைத்திருந்தார். இதற்கிடையே செவலையின் மடி கல்லாக இறுகிக்கொண்டிருந்தது. இன்றும் கறக்காவிட்டால் மடிநோய் நிச்சயம்.

பின்னங்கால்களைக் கயிற்றால் பிணைத்தார். செவலை பாலை அடக்கிக்கொண்டது. ஒரு சொட்டும் இறங்கவில்லை.

பால் வாங்க வந்த பக்கத்து வீட்டுக் காசியம்மாள், காலிக் கிண்ணத்துடன் வழி சொன்னாள். "அமிர்தத்தோட பொடவயக் கட்டிக்கிட்டு ஒக்காருங்க. மாட்டுக்கு வாசனதான் அடையாளம்."

கதவைச் சாத்திக்கொண்டு கட்டினார். மீசை தெரியாதபடி முக்காடும் இட்டார். செவலை அவருடைய தோளை நக்கியது. பாலும் இறங்கியது. வெற்றிக் களிப்பில், "அப்புடி வா வழிக்கு" என்று வழக்கம்போல் அதட்டினார்.

குரல் காதில் விழுந்ததுதான் தாமதம், பசு அவரை மூலைக்குத் தள்ளிக் குறுக்கே மறித்து நின்றது; பிறகு வாசலை நோக்கி ஓங்கி உதைத்தது. அமிர்தம் கண் எழுதுவதற்காக அங்கே அடுக்கிவைத்திருந்த பொம்மைகள் பலகையோடு சரிந்து நொறுங்கின.

கால்நடை மருத்துவர் சிவசங்கரி வந்து சேர்ந்தபோது, பதற்றத்தில் கோவிந்தராசு முக்காட்டை மட்டுமே எடுத்திருந்தார். மருத்துவர் சிரிக்கவில்லை. காய்ச்சல் பார்த்தார், மடியை அழுத்திப் பார்த்தார். மயக்க ஊசி போடும்படி கோவிந்தராசு வற்புறுத்தினார்.

"ஊசி இருக்கட்டுங்க. மாடு எப்புடி நடந்துக்குதுன்னு மொதல்ல பாக்கணும். பேசிக்கிட்டே கிட்ட போங்க."

பேசியபடி போனார். செவலையின் தோல் அலையலையாக நடுங்கியது.

"நோய் ஒண்ணும் இல்லைங்க. ஒங்க கொரலுக்குப் பயப்படுது. மாட்ட அடிப்பீங்களா?"

கோவிந்தராசுக்கு முகம் சிவந்தது. "பழமலைநாதர் சத்தியமா, ஒருநாளும் அது மேல கை வச்சதில்லைங்க."

காசியம்மாள் கிண்ணத்தைக் கீழே வைத்தாள்.

"அது சத்தியந்தான் டாக்டரம்மா. மாட்ட அவரு தொட்டதே கெடையாது. அது பக்கத்துல ஒக்காந்து பால் கறக்கறப்ப, அமிர்தத்தத்தான் அடிப்பாரு."