பதிலுக்குக் காத்திருந்த படம்

தான் நடித்த படத்துக்குள் உட்கார்ந்துகொண்டு, பார்க்க வந்தவர்கள் பதில் சொல்வார்களா என்று காத்திருந்த நடிகர் இந்தப் பூலோகத்திலேயே ஒருவர்தான். எழுபதுகளில், திருப்பதி லாட்ஜில் என் பக்கத்து அறைக்காரர். பெயர் என்னவோ, எங்களுக்கு அவர் 'ஊமைப்படம்' அண்ணன்.

பகலெல்லாம் போட்டோ ஸ்டுடியோவில், மலைக்கு வந்த குடும்பங்களைச் சேர்த்து நிறுத்துவது அவர் வேலை. "ஒட்டி நில்லுங்கம்மா, நடுவுல பஸ்ஸே பூந்துகினு போவும் போலக்கீதே!" என்பார். முறைத்துக்கொண்டு வந்த சம்பந்திகள்கூடத் தோளில் கை போட்டுக்கொள்வார்கள். சாயங்காலம் அறைக்குத் திரும்பினால் அவரோடு ஒட்டி நிற்க ஓர் ஆள் கிடையாது.

லீவு நாளில் ஒரு சின்ன கேமராவில் தன்னந்தனியாகப் படம் எடுப்பார். நாங்கள் சாப்பிடும் மெஸ்ஸின் ஜன்னல்களைப் போர்வையால் மூடி, சுவரில் எங்களுக்குப் போட்டுக் காட்டுவார். முதல் படம் முழுக்க ஒரு காலி நாற்காலி.

"ஏமி சினிமா அண்ணா இதி? பாட்டு லேது, ஃபைட்டு லேது!" என்று தெலுங்கில் குறைபட்டான் பக்கத்திலிருந்தவன்.

"ஹீரோ எப்ப அண்ணே வருவான்?" என்றேன் நான்.

"அதான்பா நானும் பாத்துக்கினு கீறேன்."

அடுத்த படத்தில் அந்த நாற்காலியில் அவரே உட்கார்ந்திருந்தார். போடுவதற்கு முன்பே சொல்லிவிட்டார்: "ஒருத்தராவது பதில் சொன்னா போதும்பா. இல்லேன்னா கேமராவ மூட்ட கட்டிக்கினு எங்க ஊரு சித்தூருக்கே போயிடறேன்."

சுவரில் இருந்த அண்ணன் விரல்களைக் குவித்து வாயருகே கொண்டுபோய், 'சாப்பிட்டாச்சா?' என்று சைகையில் கேட்டார். காதில் கை வைத்துக் காத்திருந்தார். நாங்கள் சிரித்தோம். மறுபடி கேட்டார். விசில் அடித்தோம். புரொஜெக்டர் பக்கம் திரும்பினேன். நிஜ அண்ணனின் முகம் சுருங்கிப் போயிருந்தது. பாவமாகத்தான் இருந்தது, ஆனால் சுவரோடு எப்படிப் பேசுவது?

அப்போது பரிமாறி முடித்த சாம்பார் வாளியோடு உள்ளே வந்தார் மெஸ் நடத்தும் நகரி ஊர்க்காரர். எல்லோருக்கும் பரிமாறுகிறவர். அவரைச் சாப்பிட்டாயா என்று நாங்கள் யாரும் கேட்டதில்லை. சுவர் அண்ணன் மூன்றாம் முறை கேட்டதும் நகரிக்காரர் வாளியைக் கீழே வைத்துவிட்டார்.

"இன்னும் இல்ல நைனா. நீ துன்னியா?"

சுவர் அண்ணன் தலையாட்டிச் சிரித்தார். என்றைக்கோ எடுத்த படம், சரியாக அந்த நொடியில் சிரித்தது! அப்புறம் மெஸ்ஸே எழுந்து நின்று கத்தியது: "சாப்ட்டோம் அண்ணே!" நிஜ அண்ணன் மூக்கை உறிஞ்சிக்கொண்டு நின்றார். அதற்குப் பிறகு சித்தூர்ப் பேச்சை அவர் எடுக்கவேயில்லை.

இன்றைக்கும் தனியாகச் சாப்பிட உட்கார்ந்தால், எதிர்ச் சுவரைப் பார்த்து, "நீங்க சாப்ட்டீங்களா அண்ணே?" என்று கேட்டுவிட்டுத்தான் சோற்றில் கை வைக்கிறேன்.