வாசிக்காமல் போட்ட 54.5

எங்கள் கடற்கரையில் முதுகு நோவு இல்லாத மனிதர் ஒருவராவது இருக்கிறார் என்றால், அவரை அம்பத்திநாலு காக்கா இன்னும் காணவில்லை என்றுதான் அர்த்தம். கண்டிருந்தால் அந்த ஆளுக்கும் ஒன்றைக் கண்டுபிடித்திருப்பார்.

காக்கா என்றால் எங்கள் ஊரில் அண்ணன். அவரும் நானும் அரசாங்க ஆஸ்பத்திரி ஒன்றின் ரெக்கோர்ட் ரூமில் எதிரெதிர் மேசைக்காரர்கள். வார்டிலிருந்து வீட்டுக்குப் போனவர்களின் நோய்க் குறிப்பு டிக்கட்டுகளை வாசித்து, டொக்டர் எழுதிய வருத்தத்துக்கு உரிய குறியீட்டைப் போடுவது எங்கள் வேலை. உலகத்திலுள்ள எல்லா வருத்தத்துக்கும் ஒரு எழுத்தும் சில இலக்கங்களும் உண்டு. காரணம் எழுதாத, கீழ்முதுகில் வெறும் நாரி நோவு என்றால் எம் 54.5. அதைப் போட்டுவிட்டு அடுத்த டிக்கட்டை எடுக்கலாம். நான் அப்படித்தான் எடுப்பேன். காக்காவுக்கோ அந்த இலக்கத்தைக் கண்டாலே பற்றிக்கொண்டு வரும். பெயரும் அதனால் வந்ததுதான்.

“முதுகு நோவு எண்டு ஒரு வருத்தமே இல்ல புள்ள. அது முறைப்பாடு. பொலிசில போய் களவு போயிட்டு எண்டு சொன்னா, என்ன களவு போன எண்டு கேக்க மாட்டானா?”

சொல்லிவிட்டு டிக்கட்டும் கையுமாக டொக்டரைத் தேடிப் புறப்பட்டுவிடுவார். புதிதாக வந்த டொக்டர் ஒருவர் ஒருநாள் காரை எடுக்கப் பார்க்கிறார், கண்ணாடிக்கு வெளியே காக்காவின் தாடி. “சேர், நோவு காலுக்கு இறங்கினதா, நாரியோட நிண்டதா? ஒரு சொல்லு எழுதித் தந்திட்டுப் போங்க.” அடுத்த நாளிலிருந்து அந்த டொக்டர் பிணவறைப் பக்கம் காரை விட ஆரம்பித்தார். காக்கா அங்கேயும் போனார்.

கல்யாண வீட்டிலும் மனிசர் நிம்மதியாகச் சாப்பிட முடியாது. ஒரு சஹன் சோற்றைச் சுற்றி ஆறு பேர் நிலத்தில் குந்தும்போது, மற்ற ஐந்து பேரும் இறைச்சியைப் பார்ப்பார்கள். காக்கா யார் எப்படிக் குந்துகிறார்கள் என்று பார்ப்பார். என் கணவர் ஒருமுறை அவருடைய சஹனில் மாட்டிக்கொண்டார். பாவம், பக்கத்திலிருந்தவரின் தோளைப் பிடித்துக்கொண்டு எழும்பிவிட்டார்.

“மச்சான், நாலாவது எலும்புக்கும் அஞ்சாவது எலும்புக்கும் நடுவால இரிக்கி. எக்ஸ்ரே படம் எடுங்க.”

பயந்துபோய்ப் படம் எடுத்தோம். நாலிலும் இல்லை, அஞ்சிலும் இல்லை. வெறும் வாய்வு.

இப்படிப்பட்ட மனிதரிடம்தான் போன வருடம் சரசக்காவின் பிழைப்பு வந்து நின்றது. சரசக்கா பாண்டிருப்பு ஆள். வார்டில் நோயாளரைத் தூக்கிப் புரட்டும் வேலை, இரண்டு பிள்ளைகளின் படிப்பும் அந்தச் சம்பளத்தில்தான். நாரி அடியோடு விட்டுப்போய், இருந்து செய்யும் வேலை ஒன்று தாருங்கள் என்று எழுதிக் கொடுத்திருந்தார். மெடிக்கல் போர்ட் சம்மதிக்காவிட்டால் ஒன்று தூக்க வேண்டும், அல்லது வீட்டுக்குப் போக வேண்டும். அவருடைய பதிவை எடுத்துப் பார்த்தேன். பதினொரு வருடமாக வரிசையாக 54.5. இது எனக்கும்தான் இருக்கிறது என்று சொல்லி போர்ட் அனுப்பிவிடும்.

“காக்கா, ஒரு இலக்கத்த மாத்திப் போடுங்க. ஆருக்குத் தெரியப் போகுது?”

“அல்லாஹ்வுக்குத் தெரியும். அதுக்குப் பிறகு உனக்குத் தெரியும். நீ சும்மா இரிக்க மாட்டாய்.”

எனக்கு வந்த கோபத்துக்கு, இரக்கமில்லாத மனிசன் என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டேன். இரண்டு நாள் கதைக்கவும் இல்லை. அந்த இரண்டு நாளும் அவர் பழைய டிக்கட் போட்டுவைக்கும் ஸ்டோரில் கிடந்தார். மூன்றாம் நாள் தாடியெல்லாம் தூசியாக வந்து ஒரு டிக்கட்டை என் மேசையில் வைத்தார். சரசக்கா முதன்முதலாக வார்டில் படுத்தபோது எழுதியது. கீழே விழுந்த நோயாளியைத் தூக்கும்போது நாரி பிசகியது என்று டொக்டர் தெளிவாக எழுதியிருந்தார். பக்கத்தில் 54.5. முத்துப் போன்ற எழுத்து. அப்படி எழுத எங்கள் ஆஸ்பத்திரியில் ஒரே ஒருவரால்தான் முடியும்.

“யா அல்லாஹ்! காக்கா, சத்தம் போடாமத் திருத்துங்க. உங்களுக்குப் பென்ஷனுக்கு நாலு மாசந்தான் இரிக்கி.”

“இப்ப திருத்தினா போர்டுக்காகத் திருத்தின எண்டுதான் சொல்லுவாங்க. பிழை விட்டவன் வாயால சொன்னாத்தான் நம்புவாங்க புள்ள.”

போர்டில் மூன்று டொக்டர்மார். சரசக்காவைத் தாங்கிப் பிடித்து இருத்துவதற்காக நானும் உள்ளே போனேன். காக்கா டிக்கட்டை நீட்டினார்.

“சேர், இவ வேலையிலதான் நாரிய முறிச்சவ. டொக்டர் எழுதித்தான் இரிக்கி. நான்தான் வாசிக்காம வெறும் நோவு எண்டு போட்டிரிக்கன். பிறகு வந்தவங்க எல்லாரும் அதப் பாத்துத்தான் போட்டவங்க.”

“பதினொரு வருசத்துக்கு முந்தி நடந்தது. எப்பிடி இவ்வளவு நிச்சயமாச் சொல்றீங்க?”

“தேதியப் பாத்தன் சேர். வெள்ளிக்கிழமை. எண்ட மூத்த மகள்ட நிக்காஹ். காலையில வேலைக்கு வந்த நான், ஜும்ஆவுக்குப் பாங்கு சொன்ன உடன கடைசி டிக்கட்ட அப்பிடியே முடிச்சிட்டு ஓடினன்.”

பெரிய டொக்டர் டிக்கட்டை முழுவதும் வாசித்தார். சரசக்காவுக்கு இருந்து செய்யும் வேலை என்று எழுதினார். காக்காவிடம் எழுத்தில் விளக்கம் கேட்டார். இரண்டையும் ஒரே பேனையால்தான் எழுதினார்.

வெளியே வந்தோம். சரசக்கா இந்த மனிதரைப் பிடித்து நன்றாக ஏசப் போகிறார் என்று நான் பயந்துகொண்டு நின்றேன். பதினொரு வருடம் என்றால் சும்மாவா? சரசக்கா சுவரைப் பிடித்து நின்று மூச்சு வாங்கினார்.

“காக்கா, அண்டைக்கு மகள்ட கலியாணம் நேரத்துக்கு நடந்ததா?”

காக்கா தலையைக் குனிந்துகொண்டார். “மாப்பிள்ள ரெண்டு மணித்தியாலம் பிந்தித்தான் வந்த தங்கச்சி. உங்கட டிக்கட்ட நாலுதரம் வாசிச்சிருக்கலாம்.”

சரசக்காவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நாரியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு, “ஐயோ சிரிக்க வெய்க்காதீங்க காக்கா, நோகுது” என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தார். காக்கா தொப்பியைக் கழற்றி அதாலேயே கண்ணைத் துடைத்தார்.

காக்கா இப்போது பென்ஷனில் வீட்டில் இருக்கிறார். சரசக்கா கிளினிக்கில் கதிரையில் இருந்து நம்பர் கொடுக்கிறார். எதிர் மேசைக்குக் கெட்டிக்காரப் பிள்ளை ஒன்று வந்திருக்கிறது, ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனாலும் என் மனம் காக்காவைத் தேடுது.